யாருடைய நடிகை?

கலைஞர்களைப் பற்றித் தீர்ப்புக் கூறுவதில் மாணவர்களாகிய நமக்கு ஒரு தனி விருப்பம் உண்டு. விடுதியின் உணவுக்கூடத்திலும், சங்கக் கூட்டம் முடிந்து கலையும் வேளையிலும் இந்த நீதிமன்றம் கூடிவிடுகிறது. ‘அவர் ஆளுங்கட்சியின் ஆள்’ என்போம். ‘இவர் விருதுக்கு விலைபோனவர்’ என்போம். ஒருவர் ஐம்பது ஆண்டு உழைத்த உழைப்பை இரண்டு சொற்களில் முடித்துவிட்டுத் தேநீர் குடிக்கப் போய்விடுவோம்.

இந்தத் தீர்ப்பு முறை சரியானதுதானா? இதனை ஆராய நம் நாட்டு எடுத்துக்காட்டு ஒன்றை எடுத்துக்கொண்டால், அவரவர் கட்சிப் பற்று குறுக்கே வந்து நிற்கும். ஆகவே நமக்கு உறவும் இல்லாத, பகையும் இல்லாத ஒரு தொலைநாட்டு நடிகையின் வாழ்க்கையை இங்கே எடுத்துக்கொள்கிறேன். அவர் பெயர் வியா ஆர்ட்மனே. பிறந்தது 1929, மறைந்தது 2008. நாடு லாட்வியா.

லாட்வியா பால்டிக் கடற்கரையில் உள்ள சிறிய நாடு. பரப்பளவில் நம் தமிழ்நாட்டில் ஏறத்தாழப் பாதி. மக்கள் தொகை 20 இலட்சத்துக்கும் குறைவு. லாட்விய மொழியைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள் சுமார் 15 இலட்சம் பேர். பால்டிக் மொழிக் குடும்பத்தில் இன்று உயிரோடு இருப்பவை லாட்வியமும் லிதுவேனியமும் ஆகிய இரண்டே. அந்த இரண்டில் ஒன்றைப் பேசிய ஒரு பெண், சோவியத் ஒன்றியம் என்ற மாபெரும் நாடு முழுவதும் அறிந்த நடிகையானார். அந்தப் புகழே பின்னாளில் அவர்மீது சாட்டப்பட்ட குற்றமும் ஆயிற்று. அதனால்தான் அவர் வாழ்க்கை நம் ஆராய்ச்சிக்கு ஏற்றது என்கிறேன்.

மாடு மேய்த்த சிறுமி

ஆர்ட்மனே 1929-ஆம் ஆண்டு ஆகஸ்டு 21-ஆம் நாள் டுகும்ஸ் நகருக்கு அருகே கைவே என்ற சிற்றூரில் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் அலீடா. குழந்தை பிறக்கும் முன்பே தந்தை விபத்தொன்றில் இறந்துவிட்டார். அப்போது அவருக்கு இருபது வயதுகூட நிரம்பவில்லை. தாய் போலந்து வழியில் வந்த ஏழைப் பெண். பிறருடைய பண்ணைகளில் கூலி வேலை செய்து மகளை வளர்த்தார். மகளும் பத்து வயதிலேயே மாடு மேய்க்கப் போனாள்.

அந்தப் பத்தாவது வயதுக்குப் பின்பு நாட்டின் நிலை என்ன ஆயிற்று என்பதை நாம் மறந்துவிடக் கூடாது. 1918-இல் விடுதலை பெற்ற லாட்வியாவை 1940 ஜூன் மாதத்தில் சோவியத் படை பிடித்துக்கொண்டது. 1941 ஜூனில் சுமார் 15,000 பேரை வீடுகளிலிருந்து பிடித்து நாடு கடத்தினார்கள். அடுத்த சில வாரங்களில் இட்லரின் படை வந்தது. அந்த ஆட்சியில் லாட்வியாவின் யூதர்களில் ஏறத்தாழ 70,000 பேர் கொல்லப்பட்டார்கள். 1944-இல் சோவியத் படை மீண்டும் வந்தது. இம்முறை வந்தவர்கள் அரை நூற்றாண்டு அகலவில்லை. நான்கே ஆண்டுகளில் மூன்று முறை ஆட்சி மாறிய நாட்டில் வளர்ந்த பிள்ளைகள் இவர்கள்.

பள்ளிப் பருவத்தில் அவருக்கு வழக்கறிஞர் ஆக வேண்டும் என்று ஆசை. ஆனால் போர் முடிந்த மறு ஆண்டு அவர் சேர்ந்தது நாடகப் பயிற்சிக் கூடத்தில். தலைநகர் ரீகாவில் டைலெஸ் நாடக அரங்கு என்று ஒன்று உண்டு. 1920-ஆம் ஆண்டு எடுவார்ட்ஸ் ஸ்மில்ஜிஸ் என்னும் பெருங்கலைஞர் அதனை நிறுவினார். லாட்விய நாடகத்தின் ஆசான் என்று அவரைச் சொல்லலாம். நடிகரின் உடல், குரல், நடை ஆகிய மூன்றையும் படைவீரனைப் பழக்குவதுபோல் பழக்கியவர் அவர். அந்த ஆசானிடம் மூன்று ஆண்டு பயின்று, 1949-இல் அலீடா என்ற கிராமத்துப் பெண் வியா ஆர்ட்மனே என்ற நடிகையாக அரங்கில் அடியெடுத்து வைத்தார்.

1949 என்ற ஆண்டைச் சிறிது நின்று கவனிக்க வேண்டும். அதே ஆண்டு மார்ச் மாத இறுதியில் லாட்வியாவின் ஊர்களிலிருந்து 42,000-க்கும் மேற்பட்ட மக்களைச் சில நாட்களுக்குள் சரக்கு வண்டிகளில் ஏற்றிச் சைபீரியாவுக்கு அனுப்பினார்கள். பெரும்பாலோர் உழவர் குடும்பத்தார். பெண்களும் குழந்தைகளும் முதியவர்களுமே மிகுதி. ஒரு நாடு தன் மக்களை வண்டியேற்றி அனுப்பிவிட்டு அழுதுகொண்டிருந்த ஆண்டில் ஓர் இளம் பெண் நடிக்கத் தொடங்கினார். இந்த இரண்டையும் சேர்த்துப் பார்க்கும் போதுதான் வழக்கின் கடினம் நமக்கு விளங்கும்.

மேடையும் திரையும்

1953-இல் டைலெஸ் அரங்கில் ‘ரோமியோவும் ஜூலியத்தும்’ நாடகம் அரங்கேறியது. ஜூலியத் ஆர்ட்மனே; ரோமியோ அவரோடு ஒத்த வயதினரான எடுவார்ட்ஸ் பாவுல்ஸ். ஷேக்ஸ்பியரின் காதலர்கள் லாட்விய மொழியில் பேசினார்கள். மாடு மேய்த்த சிறுமி ரீகா நகரத்தின் ஜூலியத் ஆனார். உடன் நடித்த ஆர்தூர்ஸ் டிமிட்டெர்ஸ் என்ற நடிகரை அவர் மணந்துகொண்டார்.

திரைப்படம் அதன் பின்பு வந்தது. 1956-இல் வெளிவந்த ‘புயலுக்குப் பின்’ அவருடைய முதற்படம். ஆனால் நாடறிந்த பெயரைத் தந்தது 1963-இல் மிகையில் யெர்ஷோவ் இயக்கிய ‘சொந்த இரத்தம்’ என்ற ரஷ்யப் படம். அதில் அவர் சோனியா என்னும் பரிசல்துறைப் பெண். மூன்று குழந்தைகளின் தாய். போர்க்காலத்தில் விடுப்பில் வந்த ஒரு டாங்கிப் படைவீரன் அவளைக் கண்டு விரும்புகிறான். அவளையும் குழந்தைகளையும் தன் குடும்பமாக ஏற்றுக்கொள்கிறான். பின்னர் அவள் இறந்துபோகிறாள். அப்போது பெற்ற தகப்பன் வந்து குழந்தைகளைக் கேட்கிறான். பெற்றவனுக்கு உரிமையா, வளர்த்தவனுக்கு உரிமையா என்பதே படத்தின் கேள்வி. ஆர்ட்மனேயைப் பற்றி நாடு பின்னாளில் கேட்க இருந்த கேள்வியும் ஏறத்தாழ இதுவேதான்!

1966-இல் லெயோனிட்ஸ் லெய்மானிஸ் இயக்கிய லாட்வியப் படம் ஒன்று வந்தது. ‘சதுப்பு நிலத்தில் நடப்பவன்’ என்பது அதன் பெயரின் பொருள். லாட்விய இலக்கியத்தின் முன்னோடிகளில் ஒருவரான ரூடோல்ப்ஸ் பிளௌமானிஸ் எழுதிய கதை அது. பண்ணை மாளிகையில் வேலை செய்யும் கிறிஸ்டீனே என்ற பெண்ணுக்கு எட்கார்ஸ் என்பவன்மேல் காதல். அவனோ குடியிலும் சூதிலும் ஆழ்ந்துகொண்டே போகிறவன். அவனை விடவும் முடியவில்லை; கரையேற்றவும் முடியவில்லை. பண்ணைக் கூலியின் மகளான ஆர்ட்மனேக்கு இந்த வேடத்தின் உலகம் புத்தகத்தில் படித்துத் தெரிந்ததன்று. உழைத்துக் காய்த்த கையும், நிமிர்ந்த கழுத்தும், பேசாமல் பொறுக்கும் முகமும் அவருக்கு இயல்பாகவே அமைந்திருந்தன.

அதே காலத்தில் லிதுவேனியாவில் எடுத்த ‘யாரும் சாக விரும்பவில்லை’ என்ற படத்திலும் அவர் நடித்தார். வீத்தௌதாஸ் ஜலாகேவிச்சியுஸ் இயக்கிய படம் அது. 1965-இல் முடிந்தது. போருக்குப் பிந்திய ஒரு கிராமத்தில் சோவியத் ஆட்சிக்கும், காட்டில் ஒளிந்து அதனை எதிர்த்த ஆயுதக் குழுவினருக்கும் நடந்த போராட்டமே கதை. படத்தின் கலைத்தரத்தை எவரும் மறுப்பதற்கில்லை. ஆனால் அது எந்தப் பக்கத்திலிருந்து கதை சொல்கிறது என்பதும் எல்லோருக்கும் தெரிந்ததே. இந்தப் படத்துக்கு மீண்டும் வருவேன்.

வீட்டுக்குள் ஓர் அயல்நாடு

சோவியத் திரைப்பட உலகில் ஒரு வேடிக்கை இருந்தது. கதைக்கு ஆங்கிலேயர் வேண்டுமா, செருமானியர் வேண்டுமா, அமெரிக்கர் வேண்டுமா, பால்டிக் நாடுகளிலிருந்து நடிகர்களை அழைப்பார்கள். அயல்நாட்டுத் தெரு வேண்டுமா, ரீகாவுக்குப் போவார்கள். 1973-இல் வந்த ‘வசந்தத்தின் பதினேழு கணங்கள்’ என்ற தொடரில் சுவிட்சர்லாந்தின் பெர்ன் நகரத் தெருவாகக் காட்டப்படுவது ரீகாவின் யௌனியேலா என்ற பழைய தெரு. 1979-இல் தொடங்கிய ஷெர்லாக் ஹோம்ஸ் தொடரில் இலண்டனின் பேக்கர் தெருவாக வருவதும் அதே தெருதான்! சோவியத் குடிமகன் கடவுச்சீட்டு இல்லாமல் பார்க்கக்கூடிய ஐரோப்பாவாக லாட்வியா இருந்தது.

இந்த வேடிக்கையின் அடியில் ஓர் உண்மை இருக்கிறது. ‘நீங்கள் எங்களவர்’ என்று மாஸ்கோ சொன்னது. ஆனால் திரையில் அயலாரைக் காட்ட வேண்டியபோது லாட்வியரைத்தான் தேடிப் பிடித்தது. தம்மவர் அல்லர் என்பது அதன் உள்ளத்துக்குத் தெரிந்தே இருந்தது போலும்.

ஆர்ட்மனேயின் புகழின் உச்சி இவ்வகைப் படம் ஒன்றில்தான் நிகழ்ந்தது. 1978-இல் யானிஸ் ஸ்ட்ரெய்ச்ஸ் இயக்கத்தில் ரீகா படநிலையம் ‘நாடக அரங்கு’ என்ற தொலைக்காட்சிப் படத்தை எடுத்தது. சாமர்செட் மாம் 1937-இல் வெளியிட்ட ஆங்கில நாவலே மூலம். இசை ரைமண்ட்ஸ் பவுல்ஸ். இலண்டன் மேடையின் அரசியான ஜூலியா லாம்பர்ட்டாக ஆர்ட்மனே நடித்தார். கணவராகக் குனார்ஸ் சிலின்ஸ்கிஸ், இளங்காதலனாக இவார்ஸ் கல்னின்ஸ்.

கதை இதுதான். நாற்பதைக் கடந்த பெருநடிகை ஜூலியா. அவளை மயக்கிப் பழகும் இளைஞன் டாம். அவன் உண்மையில் விரும்புவது வேறொரு இளம் நடிகையை. அந்தப் பெண்ணை முன்னுக்குக் கொண்டுவர ஜூலியாவையே ஏணியாக்குகிறான். ஜூலியா அழவில்லை, சண்டையிடவில்லை. அந்த இளம் நடிகைக்குத் தன் நாடகத்தில் வேடம் கொடுக்கிறாள். முதல் நாள் இரவு, அரங்கு நிறைந்த மக்கள் முன்னே, தன் நடிப்பாலேயே அவளை இருந்த இடம் தெரியாமல் செய்துவிடுகிறாள். பழி வாங்கும் கதைதான்; ஆனால் தொழில் தெரிந்தவள் தொழிலாலேயே வாங்கிய பழி.

அந்தக் கதையில் ஜூலியாவின் மகன் தாயிடம் கேட்கும் ஒரு கேள்வி உண்டு. நீ எப்போதும் நடித்துக்கொண்டே இருக்கிறாய்; வேடங்களை எல்லாம் கழித்துவிட்டால் உள்ளே நீ என்று ஒருத்தி இருக்கிறாளா என்பது அதன் கருத்து. மாம் எல்லா நடிகர்களையும் மனத்தில் வைத்து எழுதிய கேள்வி. ஆர்ட்மனேக்கு அது மும்மடங்கு பொருந்தும். ரஷ்யத் தாயாக நடித்தார், லிதுவேனியப் பெண்ணாக நடித்தார், ஆங்கிலச் சீமாட்டியாக நடித்தார். அதே 1978-இல் ‘எமெல்யான் புகச்சோவ்’ என்ற படத்தில் ரஷ்யப் பேரரசி இரண்டாம் கேத்தரினாகவும் நடித்தார். 1795-இல் கூர்லாந்து என்னும் சிற்றரசை ரஷ்யாவோடு சேர்த்துக்கொண்ட பேரரசி அவர். டுகும்ஸ் நகரம் அந்தக் கூர்லாந்தில்தான் இருந்தது. தன் ஊரை விழுங்கிய பேரரசியின் முடியையே கைவேயில் மாடு மேய்த்தவர் தலையில் சூடினார். இத்தனை வேடங்களையும் கழித்த பிறகு மிஞ்சியவர் யார்?

குற்றப் பத்திரிகை

இனி வழக்குக்கு வருவோம். எதிர்த்தரப்பின் வாதத்தை முழு வலிமையோடு எடுத்துரைப்பதே நேர்மை.

முதலாவது, அவர் சோவியத் அரசின் பட்டங்களை ஏற்றார். 1965-இல் லாட்விய சோவியத் குடியரசின் மக்கள் கலைஞர்; 1969-இல் சோவியத் ஒன்றியம் முழுமைக்குமான மக்கள் கலைஞர். நாற்பது வயதில் இந்தப் பட்டம் எளிதில் கிடைப்பதன்று. பட்டத்தோடு வசதியும் வந்தது.

இரண்டாவது, அவர் நடித்த சில படங்கள் ஆட்சியாளரின் வரலாற்றை அழகாகச் சொல்லின. காட்டில் இருந்து போராடியவர்களின் தாய்மார்கள் ‘யாரும் சாக விரும்பவில்லை’ படத்தை எந்த மனத்தோடு பார்த்திருப்பார்கள்? சைபீரியாவிலிருந்து திரும்பியவருக்குச் சுவரொட்டியில் சிரிக்கும் அந்த அழகிய முகம் எப்படித் தோன்றியிருக்கும்?

மூன்றாவது, இதுவே கடுமையானது. ஓர் அடிமை நாட்டின் அழகிய முகம் ஆள்வோருக்குப் பயன்படுகிறது. ‘பாருங்கள், லாட்வியர் எவ்வளவு மகிழ்ச்சியாக இருக்கிறார்கள், அவர்களுடைய பெண்தான் நம் நாட்டின் பெரிய நடிகை’ என்று சொல்ல உதவுகிறது. அவர் ஒரு பொய்யும் சொல்லாவிட்டாலும், அவர் முகம் ஒரு பொய்க்குத் துணை நின்றது என்பது குற்றச்சாட்டு.

இவற்றை நான் மறுக்க வரவில்லை. நாடு கடத்தப்பட்ட 42,000 பேரின் கணக்கு ஒரு நடிகையின் புன்னகையால் தீர்ந்துவிடாது. கலைஞன் என்றால் எல்லாப் பழிக்கும் அப்பாற்பட்டவன் என்ற கொள்கையும் எனக்கு உடன்பாடன்று. தச்சனுக்கும் ஆசிரியனுக்கும் உள்ள பொறுப்பு நடிகனுக்கும் உண்டு.

ஆனால் குற்றப் பத்திரிகையில் விட்டுப்போன ஒரு பக்கம் இருக்கிறது. அதனைப் படிக்காமல் தீர்ப்பு எழுதுவதையே தவறு என்கிறேன்.

விட்டுப்போன பக்கம்

1949 முதல் 1998 வரை, ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள், ஆர்ட்மனே ஒரே அரங்கில் நடித்தார். அது டைலெஸ் அரங்கு. அங்கே அவர் பேசிய மொழி லாட்வியம். சோவியத் ஒன்றியம் முழுவதும் பெயர் பெற்ற பிறகும் அவர் மாஸ்கோவின் மேடைகளைத் தேடிப் போய்த் தங்கிவிடவில்லை. படம் முடிந்தால் ரீகாவுக்குத் திரும்பினார்; தன் ஊர் மக்கள் முன்னே, தன் மொழியில் நடித்தார். 1977-இல் அரங்கு புதிய கட்டடத்துக்கு மாறியபோதும் அவர் அதனோடே சென்றார்.

இதில் என்ன பெரிய செயல் என்று கேட்கலாம். லாட்விய மொழியின் அன்றைய நிலையை அறிந்தால் விடை தெரியும். 1935-இல் அந்நாட்டு மக்களில் நான்கில் மூன்று பங்குக்கு மேல் லாட்வியர். போரும் கொலையும் நாடு கடத்தலும் ஒரு பக்கம், பிற பகுதிகளிலிருந்து கொண்டுவந்து குடியேற்றியது மறுபக்கம். 1989-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் லாட்வியர் பங்கு 52 விழுக்காடாகக் குறைந்துவிட்டது. அலுவலகத்தில் ரஷ்யம், தொழிற்சாலையில் ரஷ்யம், படையில் ரஷ்யம். இன்னும் ஒரு தலைமுறை இப்படியே போயிருந்தால் சொந்த நாட்டிலேயே சிறுபான்மையராகி இருப்பார்கள்.

அத்தகைய காலத்தில் ஒரு மொழி எங்கே உயிர் வாழும்? வீட்டின் அடுக்களையில் வாழும். லாட்வியர்கள் 1873 முதல் நடத்திவரும் பாட்டுத் திருவிழாவில் வாழும். பிறகு நாடக மேடையில் வாழும். 1868-இல் ரீகாவில் முதல் லாட்விய நாடகம் அரங்கேறிய நாளிலிருந்தே, அவர்களுக்கு நாடகம் பொழுதுபோக்கு மட்டுமாக இருந்ததில்லை. தங்கள் மொழி கூலிக்காரர் மொழி மட்டுமன்று, அரசரும் காதலரும் தத்துவ ஞானியரும் பேசத்தக்க மொழி என்று தமக்குத்தாமே மெய்ப்பித்துக்கொண்ட இடம் அது. மாலையில் சீட்டு வாங்கிக்கொண்டு உள்ளே போனால், இரண்டரை மணி நேரம் நல்ல லாட்வியம் காதில் விழும். அதனை மிகச் சிறந்த உச்சரிப்போடும் உணர்ச்சியோடும் பேசிக் காட்டும் ஒருவர் மேடையில் நிற்பார்.

ஒரு கொடியை ஏந்துவது எல்லோர் கண்ணுக்கும் தெரியும் செயல். ஐம்பது ஆண்டுகள் மாலைதோறும் ஒரு மொழியைப் பழுதில்லாமல் பேசிக் காட்டுவது கண்ணுக்குத் தெரியாத செயல். முதலாவதைச் செய்தவர்களை வணங்குவோம். அதற்காக இரண்டாவதைச் செய்தவரைத் துரோகி என்று தள்ளுவது எந்த நீதி? நூல் எழுதினால் நூலகத்தில் இருக்கும். படம் எடுத்தால் பெட்டியில் இருக்கும். மேடையில் பேசிய சொல் அன்றிரவே காற்றோடு போய்விடுகிறது. அதனால்தான் ஆர்ட்மனேயின் குற்றங்கள் படச்சுருளில் பதிந்து நிற்கின்றன. அவருடைய தொண்டின் பெரும்பகுதி எதிலும் பதியாமல் கேட்டவர் நெஞ்சோடு போய்விட்டது. நாம் கண்ணில் படுவதை மட்டும் எடைபோட்டுத் தீர்ப்பு எழுதுகிறோம்.

அவருடைய படங்களிலும்கூட இதே இரட்டைத் தன்மையைக் காணலாம். ரீகாவில் எடுத்த படங்கள் பொதுவாக இரு மொழியிலும் வெளிவந்தன. உள்நாட்டுக்கு லாட்வியம், ஒன்றியம் முழுமைக்கும் ரஷ்யக் குரல். கோடிக்கணக்கானவர் கண்டது ஒரு குரல்; தம் மக்கள் கேட்டது மற்றொரு குரல். அவர் இரண்டுக்கும் ஒரே முகத்தைக் கொடுத்தார்.

விடுதலைக்குப் பின்

லாட்வியா 1990 மே 4-ஆம் நாள் விடுதலையை மீட்கும் அறிவிப்பைச் செய்தது. முழு விடுதலை 1991 ஆகஸ்டு 21-ஆம் நாள் வந்தது. அன்று வியா ஆர்ட்மனேக்கு 62-ஆவது பிறந்த நாள்! கதை எழுதுபவர் இப்படி எழுதினால் நாம் நம்பமாட்டோம், வரலாறு எழுதிவிட்டது.

விடுதலை பெற்ற நாடு ஒரு சட்டம் செய்தது. 1940-க்குப் பின் சோவியத் அரசு பறித்துக்கொண்ட வீடுகளைப் பழைய உரிமையாளருக்கோ அவர்தம் வாரிசுகளுக்கோ திருப்பித் தரும் சட்டம் அது. நேர்மையான சட்டம் என்றே நான் கருதுகிறேன். பறித்த பொருளைத் திருப்பித் தருவதில் என்ன தவறு? ஆனால் அரை நூற்றாண்டாக அந்த வீடுகளில் வாடகைக்குக் குடியிருந்தவர்கள் பலர் வெளியேற நேர்ந்தது. அவர்களில் ஒருவர் ஆர்ட்மனே. கணவர் 1986-லேயே காலமாகிவிட்டார். ரீகா நகரின் நடுவே இருந்த வீட்டை விட்டு, நகருக்கு வெளியே முர்யாணி என்ற இடத்தில் இருந்த கோடைக்கால வீட்டுக்கு அவர் குடிபோனார். கோடையில் தங்குவதற்கென்று கட்டிய வீட்டில் பால்டிக் நாட்டுப் பனிக்காலத்தை ஒரு முதிய பெண்மணி கழிப்பதென்றால் எப்படி இருக்கும் என்பதை நாம் எண்ணிப் பார்க்க வேண்டும்.

விண்வெளியில் சுற்றும் சிறுகோள் ஒன்றுக்கு அவர் பெயர் உண்டு. 1968-இல் கண்டுபிடிக்கப்பட்ட 4136-ஆம் எண் சிறுகோளின் பெயர் ஆர்ட்மனே. வானத்தில் ஒரு கல் அவர் பெயரில் இருக்கிறது. மண்ணில் அவருக்கென்று நகரத்தில் ஓர் அறை இல்லாமற் போயிற்று.

இதில் யாரையும் கொடியவர் என்று சொல்ல முடியவில்லை. வீட்டுக்காரரின் வாரிசுக்கு நியாயம் இருக்கிறது. சட்டத்துக்கு நியாயம் இருக்கிறது. ஆனால் ஒரு மக்கட்சமூகம் சட்டத்தின் நியாயத்தோடு நின்றுவிடலாமா? ஐம்பது ஆண்டுகள் தம் மொழியைக் காதினிக்கப் பேசிக் காட்டியவருக்கு வேறோர் இடம் பார்த்துக் கொடுப்பது அத்தனை அரிய செயலா? ஒரு தரப்பார் அவரை ‘சோவியத் காலத்தவர்’ என்று ஒதுக்கினர். மறுதரப்பார் பழைய படங்களைத் திரும்பத் திரும்பப் பார்த்து உருகினர். ஒதுக்கியவர்களும் அவரைப் பார்க்கவில்லை, உருகியவர்களும் பார்க்கவில்லை. இருவரும் ஒரு படத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அவர் அதனால் முறிந்துபோய்விடவில்லை. 2004-இல் தன் வாழ்க்கை நினைவுகளை நூலாக வெளியிட்டார். குளிர்காலத்தைத் தாங்கி நிற்கும் செடிகளைக் குறிக்கும் லாட்வியச் சொல்லே அந்நூலின் பெயர். வேடங்களைக் கழித்தால் உள்ளே யார் இருக்கிறார் என்று ஜூலியாவின் மகன் கேட்டானே, அதற்கு ஆர்ட்மனே தந்த விடையாக நான் இந்தப் பெயரை எடுத்துக்கொள்கிறேன். பூத்துக் குலுங்கும் செடி என்று தன்னைச் சொல்லிக்கொள்ள அவருக்கு எல்லா உரிமையும் இருந்தது. அவர் தேர்ந்தது பனியைப் பொறுத்து நிற்கும் செடியை. முதுமையில் ஆர்த்தடாக்ஸ் கிறித்தவ சமயத்தைத் தழுவி எலிசவெத்தா என்ற பெயரும் ஏற்றார். 2008 அக்டோபர் 11-ஆம் நாள், 79-ஆம் வயதில் காலமானார். ரீகாவின் பொக்ரோவ் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டார்.

நமக்கு என்ன?

தொலைநாட்டு நடிகை ஒருவருக்காக இத்தனை பக்கம் ஏன் என்று நண்பர்கள் கேட்கலாம். இரண்டு காரணங்கள் சொல்வேன்.

ஒன்று, தீர்ப்பைப் பற்றியது. கொடுமையான ஆட்சியின் கீழ் வாழ்ந்தவர்களை, அந்த ஆட்சியை ஒரு நாளும் அறியாத நாம் எடைபோடும்போது, தராசின் இரு தட்டிலும் பொருள் வைக்க வேண்டும். ‘பட்டம் வாங்கினாரா?’ என்று கேட்பது நியாயமான கேள்வி. ‘பட்டம் வாங்கிய கையால் வேறு என்ன செய்தார்?’ என்பதும் கூடவே கேட்க வேண்டிய கேள்வி. முதற்கேள்வியோடு நின்றுவிடுபவன் வழக்கைப் பாதியில் கேட்டுவிட்டுத் தீர்ப்பு எழுதும் நீதிபதி ஆகிறான்.

மற்றொன்று, நம்மைப் பற்றியது. தமிழ்நாட்டுக்கு வெளியே வந்து பயில்கிறோம். வகுப்பில் ஆங்கிலம், கடைத்தெருவில் இந்தியோ வேறு மொழியோ பேசுகிறோம். நாளை நம்மில் பலர் பிற மொழிகளில் வேலை செய்து, பிற மொழிகளிலேயே பெயரும் பெறுவோம். அது குற்றமன்று. ஆர்ட்மனேயும் அதையே செய்தார். கோடிக்கணக்கானவர் அவரை ரஷ்யத்தில் அறிந்தார்கள். ஆனால் அவர் தன் மாலைப் பொழுதுகளை யாருக்குக் கொடுத்தார் என்பதைப் பாருங்கள். புகழை எந்த மொழியில் வேண்டுமானாலும் பெறலாம். உழைப்பின் ஒரு பகுதியைத் தாய்மொழிக்கென்று வைத்திருக்கிறோமா என்பதே கேள்வி. தமிழுக்காக உயிரையும் தருவோம் என்று மேடையில் முழங்குகிறவர்கள் நம்மிடையே உண்டு. தமிழில் ஒரு கட்டுரையைப் பிழையில்லாமல் எழுதித் தாருங்கள் என்று இவ்விதழின் ஆசிரியர் கேட்டால், அவர்களில் எத்தனை பேர் முன்வருகிறார்கள்?

யாருடைய நடிகை என்ற கேள்வியோடு தொடங்கினோம். மாஸ்கோ அவருக்குப் பட்டம் தந்தது. ஆனால் அவர் மாஸ்கோவின் சொத்து அல்லர். விடுதலை பெற்ற லாட்வியா அவரை அணைத்துக்கொள்ளத் தயங்கியது. ஆனால் அந்தத் தயக்கத்தால் அவர் அயலார் ஆகிவிடவுமில்லை. டைலெஸ் அரங்கின் கடைசி வரிசையில், மலிவான சீட்டு வாங்கிக்கொண்டு, தன் மொழி மேடையில் ஒலிப்பதைக் கேட்க வந்து உட்கார்ந்தாரே ஒரு தொழிலாளி, அவருடைய நடிகை அவர். அந்தத் தொழிலாளியைச் சாட்சிக் கூண்டில் ஏற்றாமல் இந்த வழக்கில் எவரும் தீர்ப்புச் சொல்லிவிட வேண்டாம் என்பதே என் வேண்டுகோள்.